தீவாக மாறித் தப்பிய கப்பலும் தீவுகள் மறவாத வரலாறும்

நெதர்லாந்தின் வட ஒல்லாந்து மாகாணத்தின் வட முனையில் உள்ள டென் ஹெல்டர் நகரம் அந்நாட்டுக் கடற்படையின் பிரதான தளமாகும். அங்குள்ள கடற்படை அருங்காட்சியகத்தில் 56 மீற்றர் நீளமுடைய சிறிய போர்க்கப்பலொன்று பாதுகாக்கப்பட்டு வருகின்றது. அதன் பெயர் ஏப்ரஹாம் கிரைன்சன். பெரும் பீரங்கிகளோ கனத்த கவசமோ இதற்கு இருந்ததில்லை. பிறர் கடலுக்கடியில் விதைத்து வைத்த வெடிகளைத் தேடி அகற்றுவதே இதற்கென விதிக்கப்பட்ட பணியாகும். எனினும், இரண்டாம் உலகப் போரில் பங்குகொண்ட எத்தனையோ பெருங்கப்பல்களின் பெயர்கள் மறக்கப்பட்டுவிட்ட நிலையில், இக்கப்பலின் கதை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்லப்படுகின்றது. 1942 ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் இது மரக்கிளைகளைப் போர்த்திக்கொண்டு ஒரு சிறு தீவைப்போல் வேடமிட்டு ஜப்பானியரிடமிருந்து தப்பியதே அதற்குக் காரணம்.

சுவையான கதைதான், ஐயமில்லை. ஆனால், அக்கதை பெரும்பாலும் பாதியிலேயே நிறுத்தப்பட்டுவிடுகின்றது. கப்பல் அவுஸ்திரேலியக் கரையை அடைந்ததும் சொல்பவரும் கேட்பவரும் மனநிறைவோடு எழுந்துவிடுகின்றனர். அதன் பின்னரும் அக்கப்பல் பல ஆண்டுகள் பணியாற்றியது. அந்தப் பிற்பகுதியையும் சேர்த்து வாசிக்கும்போதுதான் ஒரு போர்க்கப்பலின் சேவை வரலாறு எத்தகைய சிக்கலான உண்மைகளைத் தன்னுள் கொண்டிருக்கக்கூடும் என்பது புலனாகும்.

கண்ணி அகற்றும் கலை

கண்ணிவெடி என்ற சொல்லை எமது வாசகர்களுக்கு அறிமுகப்படுத்த வேண்டிய தேவையில்லை. நிலத்தில் புதைக்கப்படுவதைப் போலவே கடலிலும் கண்ணிகள் வைக்கப்படுகின்றன. அக்காலத்தில் பெருமளவு பயன்பாட்டிலிருந்த கடற்கண்ணி, கடலடியில் கிடக்கும் ஒரு பாரத்துடன் உருக்குக் கம்பியால் பிணைக்கப்பட்டு, நீர்மட்டத்துக்குச் சற்றுக் கீழே கண்ணுக்குத் தெரியாமல் மிதந்துகொண்டிருக்கும். அதன் மேற்புறத்தில் கொம்புகள் போன்ற முனைகள் துருத்திக்கொண்டிருக்கும். கப்பலொன்று மோதிக் கொம்பு நசுங்கியதும் அதனுள் இருக்கும் கண்ணாடிக் குழாய் உடைந்து அமிலம் வழியும்; அதனால் மின்னோட்டம் பிறந்து வெடிமருந்தைப் பற்றவைக்கும். தன்னை மோதுகின்ற கப்பல் எந்நாட்டினுடையது என்பதைக் கண்ணி அறியாது.

இதனை அகற்றும் கப்பல் தன் பின்புறத்திலிருந்து நீண்ட கம்பி வடங்களை நீருக்குள் விட்டு இழுத்துச் செல்லும். அந்த வடங்கள் கப்பலின் பாதையிலிருந்து விலகி, வேண்டிய ஆழத்தில் விரிந்து நிற்கும் வகையில் அவற்றின் முனைகளில் மிதவைகளும் பலகைகளும் பொருத்தப்பட்டிருக்கும். கண்ணியைப் பிணைத்திருக்கும் கம்பி இவ்வடத்தில் சிக்கி, அதிலுள்ள வெட்டுக் கருவியால் அறுபடும். அறுபட்ட கண்ணி நீர்மட்டத்துக்கு மேலெழும்போது தூர நின்று சுட்டு அழிப்பர். மிதக்கும் கண்ணியின் மேலாகவே செல்ல நேரிடும் என்பதால் இத்தகைய கப்பல் நீருக்குள் அதிகம் அமிழாத அடிப்பாகத்தைக் கொண்டிருத்தல் அவசியம். ஏப்ரஹாம் கிரைன்சன் நீருக்குள் அமிழ்ந்த ஆழம் 2.2 மீற்றர் மட்டுமே. பிற்காலத்தில் இக்கப்பலின் உயிரைக் காப்பாற்றிய காரணங்களில் இதுவும் ஒன்றெனக் கருத இடமுண்டு. ஆழமற்ற கரையோரங்களை அணுகி ஒதுங்க இத்தகைய கலத்தால் மாத்திரமே இயலும்.

நெதர்லாந்தின் ஸ்கீடாம் நகரிலுள்ள கப்பற் கட்டுந் தளத்தில் உருவாகி 1936 ஆம் ஆண்டு நீரில் இறக்கப்பட்ட இக்கப்பல், 1937 ஆம் ஆண்டு சேவையில் இணைக்கப்பட்டது. எடை சுமார் 525 தொன். வேகம் மணிக்கு 15 கடல் மைல். மாலுமிகள் 45 பேர். ஒரு 3 அங்குலப் பீரங்கியும் விமானங்களை நோக்கிச் சுடும் சில சிறு துப்பாக்கிகளுமே அதன் படைக்கலங்கள். 1667 ஆம் ஆண்டு தென்னமெரிக்காவின் சூரினாம் பிரதேசத்தை ஆங்கிலேயரிடமிருந்து கைப்பற்றிய சீலாந்து மாகாணத்துக் கடற்படைத் தளபதி ஒருவரின் பெயரே இதற்குச் சூட்டப்பட்டது. ஒல்லாந்தர் யாழ்ப்பாணக் கோட்டையைப் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றிய 1658 ஆம் ஆண்டுக்கும் அந்நிகழ்வுக்கும் இடையே ஒன்பது ஆண்டுகளே இடைவெளி. கடல்கடந்த சாம்ராச்சியத்தின் நினைவு அக்கப்பலின் பெயரிலேயே பொறிக்கப்பட்டிருந்தது.

ஜாவாவின் வீழ்ச்சி

இன்றைய இந்தோனேசியா அன்று ஒல்லாந்தக் கிழக்கிந்தியாவாக இருந்தது. ஏப்ரஹாம் கிரைன்சனும் அதன் சகோதரக் கப்பல்கள் மூன்றும் ஜாவாவின் சுரபாயாத் துறைமுகத்தைத் தளமாகக் கொண்டு இயங்கின. அக்கடற்படையில் ஐரோப்பியருடன் இந்தோனேசிய மாலுமிகளும் பணியாற்றினர். அவர்களுக்கிடையிலான உறவு சுமுகமானதாக இருந்ததெனக் கூற முடியாது. 1933 பெப்ரவரியில், சம்பளக் குறைப்பை எதிர்த்து 'டி செவன் புரொவின்சியன்' என்ற போர்க்கப்பலின் மாலுமிகள் சுமாத்திரா அருகே கலகம் செய்தபோது, அரசு விமானத்திலிருந்து குண்டு வீசி அதனை அடக்கியது. 23 பேர் உயிரிழந்தனர். அதே கப்பல் பின்னர் சுரபாயா என்ற பெயரில் பயிற்சிக் கப்பலாகி, 1942 பெப்ரவரியில் அதே பெயருடைய துறைமுகத்தில் ஜப்பானிய விமானத் தாக்குதலுக்கு இலக்காகி மூழ்கியது.

1942 பெப்ரவரி 27 ஆம் திகதி நடைபெற்ற ஜாவாக் கடற்சமர் நேச நாடுகளுக்குப் பேரழிவாக முடிந்தது. தளபதி கரெல் டோர்மன் தமது டி றொய்ற்றர் கப்பலுடன் கடலில் மூழ்கினார். ஜாவா என்ற கப்பலும் உடன் மூழ்கியது. அன்றிரவு பிரித்தானிய நாசகாரிக் கப்பலான ஜூப்பிற்றர் வெடித்துச் சிதைந்தது. அதனை அழித்தது எதிரியின் ஆயுதமன்று. அன்றைய தினமே ஒல்லாந்தக் கப்பலொன்று விதைத்துச் சென்ற கண்ணியே அது. நண்பன் வைத்த கண்ணி நண்பனையே கொன்றது. மார்ச் முதலாம் திகதி ஜப்பானியப் படைகள் ஜாவாவில் தரையிறங்கின. ஒல்லாந்தக் கடற்படையின் தலைமைத் தளபதி ஹெல்ஃப்ரிச் விமானம் மூலம் கொழும்புக்கு வந்து சேர்ந்தார். எஞ்சிய கப்பல்களுக்கு அவுஸ்திரேலியாவுக்குத் தப்பிச் செல்லுமாறு உத்தரவிடப்பட்டது.

உத்தரவிடுவது எளிது. வானமும் கடலும் ஜப்பானியர் வசமிருந்தன. மணிக்கு 15 கடல் மைல் வேகத்தில் ஊரும் கப்பலொன்று அவர்களது நாசகாரிகளின் பிடியிலிருந்து ஓடித் தப்புவது நினைத்தும் பார்க்க முடியாத காரியம். ஒரேயொரு பீரங்கியுடன் எதிர்த்து நிற்பதும் வீண். ஓடவும் முடியாது, மோதவும் முடியாது என்ற நிலையில்தான் மறைந்துவிடுவது என்ற முடிவு எடுக்கப்பட்டது.

மாலுமிகள் கரையிலிறங்கி மரக்கிளைகளையும் செடிகொடிகளையும் வெட்டி வந்து, பீரங்கி முதல் பாய்மரத் தண்டு வரை கப்பல் முழுவதையும் மூடினர். இலைகளால் மூட முடியாத பகுதிகளுக்குப் பாறையின் நிறத்தையொத்த வர்ணம் பூசினர். பகலில் ஏதேனுமொரு தீவின் கரையோரத்தை ஒட்டி நங்கூரமிட்டு அசையாமல் கிடப்பதும், இருட்டிய பின் புறப்பட்டு விடிவதற்குள் அடுத்த தீவை அடைவதுமே அவர்களது திட்டம். பல்லாயிரம் தீவுகள் சிதறிக் கிடக்கும் அக்கடலில், மேலே பறக்கும் விமானிக்கு ஒரு தீவு கூடுதலாக இருப்பது தெரியப்போவதில்லை. ஆனால், தீவு நகர்ந்தால் தெரிந்துவிடும். ஆகவே இவ்வேடத்தின் உயிர்நாடி அதன் இலைகளில் இருந்ததைவிட மாலுமிகளின் பொறுமையிலேயே இருந்தது எனலாம். வெப்பமண்டல வெயிலில், இலைக் குவியலுக்குள், தலைக்கு மேல் கேட்கும் இயந்திர ஓசைக்கு மறுமொழியாக எதுவுமே செய்யாதிருப்பது எத்துணை கடினமானது என்பதை ஊகித்தறியலாம்.

1942 மார்ச் 20 ஆம் திகதி கப்பல் மேற்கு அவுஸ்திரேலியாவின் பிரிமாண்டில் துறைமுகத்தை அடைந்தது. ஜாவாவிலிருந்து தப்பிய கடைசிக் கப்பல் இதுவே என்பர். அதனுடன் பணியாற்றிய சகோதரக் கப்பல்களில் பீற்றர் டி பிற்றர் மார்ச் 6 ஆம் திகதியும், ஏலண்ட் டுபுவா மார்ச் 8 ஆம் திகதியும் எதிரியிடம் சிக்காதிருக்கும் பொருட்டுத் தமது மாலுமிகளாலேயே மூழ்கடிக்கப்பட்டன. யான் வான் அம்ஸ்டெல் என்ற மற்றைய கப்பல் மார்ச் 8 ஆம் திகதி ஜப்பானிய நாசகாரியான அராஷியோவிடம் அகப்பட்டு அழிந்தது. ஆகவே, மதிநுட்பம் மட்டுமே இக்கப்பலைக் காத்தது என்று கூறுவது நேர்மையாகாது. மதிநுட்பத்துக்கு அதிர்ஷ்டமும் துணை நின்றது. ஒரே வகையைச் சேர்ந்த நான்கில் மூன்று கடலடியில் கிடக்க, தப்பிய ஒன்றின் கதையே உலகுக்குத் தெரிந்திருக்கின்றது. வரலாறு உயிர்தப்பியவரின் வாயிலாகவே பேசுகின்றது.

இரு கொடிகளின் கீழ்

1942 செப்டெம்பர் 28 ஆம் திகதி இக்கப்பல் அவுஸ்திரேலியக் கடற்படையில் இணைக்கப்பட்டது. அதன் மாலுமிகளுள் ஒல்லாந்தரும் அவுஸ்திரேலியரும் இருந்தனர். அவர்களுடன் ஒல்லாந்தக் கண்ணியால் அழிந்த ஜூப்பிற்றர் கப்பலில் உயிர்தப்பிய பிரித்தானியரும் சேர்க்கப்பட்டனர். கண்ணியால் கப்பலை இழந்தவர்கள் கண்ணி அகற்றும் கப்பலிலேயே பணிக்கமர்ந்தனர். அவுஸ்திரேலியக் கடற்பரப்பில் வணிகக் கப்பல்களுக்குக் காவலாகச் செல்வதே அப்போது அதன் முக்கிய வேலையாக இருந்தது. 1943 ஜனவரி 26 ஆம் திகதி நீர்மூழ்கியொன்று இருப்பதாக அறிந்து அவசர அவசரமாக ஆழ்கடற் குண்டுகளை வீசியபோது, அவ்வெடிப்பின் அதிர்ச்சியால் தன் சொந்தக் குழாய்களும் இணைப்பாணிகளும் சிதைந்து, ஒரு வார காலம் உலர்துறையில் கிடக்க நேர்ந்தது. போரின் அன்றாடம் இத்தகையதே. வீரக் கதைகளுக்கிடையே பழுதுபார்க்கும் நாட்களே அதிகம்.

1943 மே மாதத்தில் கப்பல் மீண்டும் நெதர்லாந்துக் கடற்படையிடம் ஒப்படைக்கப்பட்டது. 1945 ஜூனில், பழைய ஒல்லாந்த நீர்மூழ்கியொன்றைச் சிட்னியிலிருந்து டார்வினுக்கு இழுத்துச் செல்லும் வழியில் வடம் அறுந்து, அந்நீர்மூழ்கி நியூ சவுத் வேல்ஸ் கரையில் ஒதுங்கியது. அதே ஆண்டு செப்டெம்பரில் ஜப்பானியர் சரணடைந்த பின், திமோர் தீவின் குப்பாங் துறைமுகத்தில் கண்ணிகளை அகற்றும் பணி இதனிடம் ஒப்படைக்கப்பட்டது. அவுஸ்திரேலியப் படையினர் வந்து ஜப்பானியரின் சரணை ஏற்பதற்கான கடல்வழி அவ்வாறே திறக்கப்பட்டது. செப்டெம்பர் 11 ஆம் திகதி அவுஸ்திரேலியக் கப்பலான மோர்ஸ்பியில் திமோர் சரணடைவு நிகழ்ந்தது. எதற்காகக் கட்டப்பட்டதோ அப்பணியை அக்கப்பல் செய்த அந்த நாட்களே அதன் வாழ்வின் மிகவும் மதிக்கத்தக்க நாட்கள் என்பது எமது கருத்து. அங்கே அது எவரையும் கொல்லவில்லை. பின்னால் வருபவருக்கு வழியைத் துப்புரவு செய்தது.

சொல்லப்படாத பாதி

இங்கிருந்துதான் கதையின் மறுபாதி ஆரம்பமாகின்றது. 1945 ஓகஸ்ட் 17 ஆம் திகதி சுகர்ணோவும் ஹத்தாவும் ஜகார்த்தாவில் இந்தோனேசியாவின் சுதந்திரத்தைப் பிரகடனம் செய்தனர். மூன்றரை ஆண்டுகள் ஜப்பானியரின் கொடிய ஆக்கிரமிப்பையும் அதற்கு முன் நீண்டகால ஒல்லாந்த ஆட்சியையும் அனுபவித்த மக்கள், பழைய எசமானர் மீண்டும் வந்து அமர்வதை ஏற்க ஆயத்தமாக இருக்கவில்லை. அக்டோபர் 30 ஆம் திகதி சுரபாயாவில் பிரித்தானியப் படையணித் தளபதி மல்லபி கொல்லப்பட்டார். அதனைத் தொடர்ந்து நவம்பர் 10 ஆம் திகதி பிரித்தானிய இந்தியப் படைகள் அந்நகரின் மீது பாரிய தாக்குதலை ஆரம்பித்தன. அந்நாள் இந்தோனேசியாவில் வீரர்கள் தினமாக இன்றும் நினைவுகூரப்படுகின்றது. ஏப்ரஹாம் கிரைன்சன் போர்க்காலத்தில் தன் தளமாகக் கொண்டிருந்த அதே சுரபாயாதான் இது.

நெதர்லாந்தோ தனது குடியேற்ற நாட்டை மீளப் பெறுவதில் உறுதியாக நின்றது. 1947 ஜூலையிலும் 1948 டிசெம்பரிலும் 'பொலிஸ் நடவடிக்கை' என்ற பெயரில் இரு பெரும் படையெடுப்புகளை நடத்தியது. அதன் கடற்படை இந்தோனேசியக் குடியரசின் துறைமுகங்களை முற்றுகையிட்டது. ஏப்ரஹாம் கிரைன்சன் அப்போது சுதந்திரப் போராளிகளுக்கு எதிரான ரோந்துப் பணிகளில் ஈடுபடுத்தப்பட்டது. எந்தத் தீவுகளின் மரங்கள் அதற்கு ஆடையாகி உயிர் கொடுத்தனவோ, அந்தத் தீவுகளின் மக்கள் சுதந்திரமடைவதைத் தடுக்கும் பொருட்டு அதே கடலில் அது சுற்றி வந்தது. அருங்காட்சியகத்துக்கு வருவோர் இலை மூடிய கப்பலின் படத்தைக் கண்டு வியக்கையில், இதனையும் அறிந்து செல்வதே முறையாகும்.

அப்போராட்டம் இந்தோனேசியர் தனித்து நின்று நடத்திய ஒன்றன்று. 1945 செப்டெம்பர் முதல் அவுஸ்திரேலியத் துறைமுகத் தொழிலாளர் ஒல்லாந்தக் கப்பல்களில் பொருள் ஏற்ற மறுத்தனர். இந்தோனேசிய, இந்திய, சீன மாலுமிகளும் அவர்களுடன் இணைந்தனர். 1948 டிசெம்பரில் ஜோக்ஜகார்த்தா கைப்பற்றப்பட்டு சுகர்ணோ சிறைப்பிடிக்கப்பட்டபோது, அவ்வாண்டுதான் சுதந்திரமடைந்திருந்த இலங்கை, ஒல்லாந்தப் படைகளையும் ஆயுதங்களையும் ஏற்றிச் செல்லும் கலங்களுக்குத் தனது துறைமுகங்களையும் விமான நிலையங்களையும் மறுத்தது. 1949 ஜனவரியில் புதுடில்லியில் இந்தோனேசியப் பிரச்சினை தொடர்பாக நேரு கூட்டிய மாநாட்டிலும் இலங்கை பங்குபற்றியது. 1942 இல் ஒல்லாந்தத் தளபதிக்குப் புகலிடமளித்த கொழும்பு, ஏழாண்டுகள் கழியுமுன் ஒல்லாந்தப் படைகளுக்குக் கதவடைத்தது. ஒல்லாந்தர் காலத்தில் ஜாவாவிலிருந்தும் ஏனைய தீவுகளிலிருந்தும் நாடுகடத்தப்பட்டவர்களும் படைவீரர்களாகக் கொண்டுவரப்பட்டவர்களுமே இந்நாட்டு மலாய் முஸ்லிம்களின் முன்னோர் என்பதை நினைவுகூரும்போது, இக்கடல்களின் வரலாறு எமக்கு அந்நியமானதன்று என்பது விளங்கும்.

1949 டிசெம்பர் 27 ஆம் திகதி நெதர்லாந்து இறைமையை இந்தோனேசியாவிடம் கையளித்தது. 1951 இல் கப்பல் தாயகம் திரும்பியது. 1956 இல் துறைமுக வாயிலில் தடுப்பு வலைகளைக் கையாளும் கலமாக மாற்றப்பட்டது. பின்னர் சேவையிலிருந்து நீக்கப்பட்டு, கடற்பயிற்சி பெறும் சிறுவர்களின் பயன்பாட்டுக்கு நீண்டகாலம் விடப்பட்டிருந்தது. 1990களில் போர்க்காலத் தோற்றத்துக்கு மீளமைக்கப்பட்டு, டென் ஹெல்டர் அருங்காட்சியகத்தில் சேர்க்கப்பட்டது.

நினைவு எவ்வாறு அமைய வேண்டும்

2016 ஆம் ஆண்டு நவம்பரில் வெளியான செய்தியொன்றை இங்கு குறிப்பிடுதல் பொருந்தும். ஜாவாக் கடலின் அடியில் கிடந்த டி றொய்ற்றர், ஜாவா ஆகிய கப்பல்களின் சிதைவுகள் காணாமற்போயிருப்பதை ஆய்வாளர்கள் கண்டறிந்தனர். பழைய இரும்புக்காக அவை பெயர்த்தெடுக்கப்பட்டிருந்தன. பலநூறு மாலுமிகளின் கல்லறையும் அவற்றுடன் மறைந்தது. இந்நிலையில் எஞ்சியிருக்கும் இச்சிறு கப்பலின் பெறுமதி மேலும் கூடியிருக்கின்றது. அது தன் கதையை மாத்திரமன்றி, மீளாதவர்களின் கதையையும் சுமக்கின்றது.

நெதர்லாந்தும் தனது கடந்த காலத்தைப் பார்க்கும் விதம் மாறி வருகின்றது. 2020 மார்ச்சில் இந்தோனேசியாவுக்கு விஜயம் செய்த மன்னர் வில்லம் அலெக்சாண்டர், அக்காலத்தில் இழைக்கப்பட்ட மிதமிஞ்சிய வன்முறைக்காக வருத்தமும் மன்னிப்பும் தெரிவித்தார். விரிவான ஆய்வொன்றின் முடிவுகள் வெளியானதைத் தொடர்ந்து 2022 பெப்ரவரியில் பிரதமர் மார்க் ருட்டே மன்னிப்புக் கோரினார். இந்தோனேசியாவின் சுதந்திர தினம் 1945 ஓகஸ்ட் 17 என்பதை முழுமையாக ஏற்பதாக அவர் 2023 ஜூனில் அறிவித்தார். ஒரு திகதியை ஒப்புக்கொள்ள 78 ஆண்டுகள் தேவைப்பட்டிருக்கின்றன.

இலைகளுக்குள் மூச்சடக்கிக் கிடந்த அந்த மாலுமிகளின் துணிவை எவரும் குறைத்து மதிப்பிட வேண்டியதில்லை. அது உண்மையான துணிவு. ஆனால், துணிவு ஒரு காலத்துக்குரிய நற்பெயரைத் தருமேயன்றி, பின்னர் செய்யப்படும் அனைத்துக்கும் நியாயமாகிவிடாது. ஆக்கிரமிப்பாளனிடமிருந்து தப்பியவரே பிறிதொரு மண்ணில் ஆக்கிரமிப்பாளராகத் திரும்புவது உலக வரலாற்றில் புதியதன்று. அதை மறைத்துச் சொல்லப்படும் வரலாறும் ஒருவகைக் கண்ணியே. மேற்பரப்பில் அமைதியாகத் தோன்றி, அடியில் கிடந்து, பின்னொரு தலைமுறை அவ்வழியே வரும்போது வெடிக்கும். அதனைத் தேடி மேலே கொண்டுவந்து, அனைவரும் காணும்படி செயலிழக்கச் செய்வதும் கண்ணி அகற்றும் பணிதான். டென் ஹெல்டரில் நிற்கும் அக்கப்பலுக்கு இனியும் செய்வதற்கு ஒரு பணி உண்டெனில், அது இதுவாகவே இருக்க முடியும்.